கயிறு படாத கிணறு

முன்னொரு காலத்தில், கண்ணுக்கெட்டிய மட்டும் மணலாய்க் கிடந்த செம்மணல் நாட்டை எரிகதிர்வேந்தன் என்றொரு ராஜா ஆண்டான். புகழ்ந்தால் பூரிப்பான், குறை சொன்னால் தலையை எடுப்பான்.

அவன் மகளுக்குப் பாலைவனத்தின் அந்தப்பக்கம் கல்யாணம். பத்து நாள் பயணம். ஒட்டக வாடகை பேச உப்பு வியாபாரி வெள்ளைச்சியை வரவழைத்தான்.

"அறுபது ஒட்டகம் வேண்டும்."

"தண்ணீர்த் தோல்பை எத்தனை மகாராஜா?"

"இரண்டு நாளைக்குப் போதும். வழியில்தான் ஐந்து நகரம் இருக்கிறதே!"

வெள்ளைச்சிக்குத் தூக்கிவாரிப் போட்டது. "ஐந்து நகரமா? முப்பது வருஷமா அந்த மணல்ல வேகிறேன். மொத்தமே மூணு ஊர். மூணும் வடக்கே, மலையடிவாரத்து ஊற்றை ஒட்டி. நடுவுல ஈ காக்கா கிடையாது! பெத்த மகளைக் கொல்லப் போறீங்களா?"

ராஜாவின் கை வாளுக்குப் போனது.

பாலை அதிகாரி விழுப்பரையன் துள்ளி எழுந்தான். நடுப்பாலையில் ஐந்து நகரம் அமைத்ததாகச் சொல்லி, ராஜாவின் பட்டப்பெயர்களை அவற்றுக்குச் சூட்டி, படம் எழுதிக் கொடுத்தவன் அவன்தான்.

"மூட்டை தூக்குகிறவளுக்கு நகரம் என்ன தெரியும்? எரிகதிர்புரத்தில் மட்டும் பத்தாயிரம் பேர்! பத்து வருஷம் அவர்கள் நீர் இறைத்த கிணற்றின் விளிம்புக் கல்லையே மன்னருக்குக் காணிக்கை வைத்தேனே, அதோ!"

சிம்மாசனத்துக்குப் பக்கத்தில் பளபளத்தது கல். வெள்ளைச்சி கோபத்தை விழுங்கிக்கொண்டு கேட்டாள்: "அங்கே கிணத்து ராட்டினத்துக்கு மரம் கிடைச்சுதா அய்யா?"

"பாலையில் மரமேது? கல்மேல் கயிற்றைப் போட்டு இழுப்பார்கள். ராப்பகலாக!"

"மகாராஜா, அந்த விளிம்பைக் கொஞ்சம் தடவிப் பாருங்க."

ராஜா தடவினான். வெண்ணெயாய் வழுக்கியது.

"எறும்பு ஊரக் கல்லும் தேயும்பாங்க. பத்தாயிரம் பேர் கயிறு இழுத்தும் ஒரு கீறல் இல்லையே! வடக்கே நாற்பது குடும்பம் இறைக்கிற கல்லுல என் முழங்கை புதையுது!"

விழுப்பரையன் வாசல் பக்கம் நழுவினான். ராஜா கல்லிலிருந்து கையை வெடுக்கென்று எடுத்தான். "மூன்றாம் நாளே என் மகள்..."

"வடக்கே சுத்திப் போனா பதினாலு நாள். ஊருக்கு ஊர் தண்ணீர். இரட்டை வாடகை. பேரம் கிடையாது."

"மூன்று மடங்கு தருகிறேன், தாயே! விழுப்பரையா, நீ எழுதின நகரத்துக்கு நீயே முதல் குடி. போய்க் கிணறு தோண்டு!"

பதினைந்தாம் நாள் இளவரசி கழுத்தில் தாலி ஏறியது. எரிகதிர்புரத்தில் ஒரே ஒருத்தன் மண்வெட்டியோடு நின்றான். அவன் குடிக்கத் தண்ணீர் வெள்ளைச்சியின் ஒட்டகத்தில்தான் போனது. அவள் சொன்னதுதான் விலை.