நாலு செகண்டும் மீதிப் பதினோரு நிமிஷமும்

“இனிமே என்னால முடியாது டீச்சரம்மா” என்றார் மாசிலாமணி.

பழைய படச்சுருள்களைக் காப்பாற்றி வைக்கும் கிடங்கு அது. மாசிலாமணிக்கு அறுபத்தெட்டு வயது. செய்திப்படப் பிரிவில் முப்பது வருடம் படம் வெட்டி ஒட்டியவர். சுருளைக் கழுவிப் பிழைக்க வைக்கும் வேலையை இங்கே வந்துதான் கற்றுக்கொண்டார். கற்றுக்கொடுத்த வஹீதாவுக்கு அவர் மகளின் வயது. இருந்தாலும் டீச்சர் டீச்சர்தானே.

“என்ன ஆச்சுண்ணே?”

“ஒரே சுருள். ஒன்பது வாரம். புளிச்சுப்போய் ஒண்ணோட ஒண்ணு ஒட்டிக் கிடந்ததை அங்குலம் அங்குலமாப் பிரிச்சேன். கையெல்லாம் காடி நாத்தம். வீட்ல நான் சோறு பிசைஞ்சா பக்கத்துல ஒருத்தரும் உட்கார மாட்டேங்கறாங்க. கடைசியில இதைக் கேட்டு வந்த டாக்குமெண்டரிக்காரர் எடுத்துக்கிட்டது நாலு செகண்டு!”

வஹீதா ஒரு நாற்காலியை அவர் பக்கம் இழுத்துப் போட்டார்.

“மீதிப் பதினோரு நிமிஷத்தை வெட்டித் தூக்கிப் போட்டுடலாம். குளிர் அறையில இடமில்ல. வெளியே நாற்பது டப்பா வெந்துக்கிட்டுக் கிடக்கு. பார்த்தாலே வயிறு எரியுது.”

அவர் சொன்னதில் பொய்யில்லை. வராந்தா முழுக்க டப்பாக்கள். தினமும் ஏதாவது ஒன்று உள்ளுக்குள் கெட்டுக்கொண்டிருந்தது. களைத்துப் போனவன் சொல்வதெல்லாம் தப்பு என்று யார் சொன்னது?

வஹீதா இழுப்பறையைத் திறந்து கத்தரிக்கோலை எடுத்து நீட்டினார்.

“வெட்டுங்கண்ணே. எது வேணும், எது வேண்டாம்னு உங்களைவிட யாருக்குத் தெரியும்?”

மாசிலாமணி இதை எதிர்பார்க்கவில்லை. வாங்கிக்கொண்டார். சுருளைப் படம் வெட்டும் மேசையில் மாட்டினார்.

“அந்த நாலு செகண்டுல என்ன இருக்கு?” என்று கேட்டார் வஹீதா.

“அணைக்கு அடிக்கல் நாட்டு விழா.”

“மந்திரியா?”

“மந்திரி இன்னும் வரவே இல்ல. அதுக்கு முன்னாடி, கேமரா ஓடுதான்னு பார்க்கப் பக்கத்து ஊரைச் சும்மா எடுத்திருக்காங்க. ஒரு கடைத்தெரு. சைக்கிள் கடை, சலூன். ஒரு அம்மா பஸ்ஸைப் பிடிக்க ஓடுது. அந்தத் தெரு இப்போ அணைத் தண்ணிக்குள்ள. ஊர்க்காரங்ககிட்ட ஒரு போட்டோகூட இல்லையாம்.”

“செய்திப்படப் பிரிவுல இந்த மாதிரித் துண்டை என்ன செய்வீங்க?”

“அதுவா? சோதனைத் துண்டு. முதல் வேலையா வெட்டிக் குப்பைத் தொட்டியில போட்டுடுவோம்.”

“யாரு வெட்டுவாங்க?”

“நான்தான்.”

“எல்லாச் சுருள்லயுமா?”

“முப்பது வருஷமா.”

சொல்லி முடித்த பிறகுதான் அவருக்கே அது காதில் விழுந்தது. கையிலிருந்த கத்தரிக்கோலைக் கீழே வைத்தார்.

“அப்போ இது மட்டும் எப்படிண்ணே தப்பிச்சது?”

மாசிலாமணி டப்பா மூடியைத் திருப்பினார். அதில் எழுதியிருந்த தேதியைப் பார்த்தார்.

“அந்த வாரம் எனக்குக் கல்யாணம் டீச்சரம்மா. நான் லீவுல இருந்தேன்.”