யானைக்குத் தண்டனை கேட்ட தூதர்

முன்னொரு காலத்தில் பவளக்கோட்டையை வச்சிரவாகு என்றொரு ராஜா ஆண்டுகொண்டிருந்தான். ஆண்டான் என்று மரியாதைக்குச் சொல்கிறோம். காலையில் ஒரு கட்டளை போடுவான். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு அதற்கு நேர்மாறாக இன்னொன்று போடுவான். இரண்டுமே சட்டப்படி சரி என்று நிரூபிக்க ஓர் ஆள் வேண்டுமே? அவர்தான் அரசு வழக்கறிஞர் மலைக்கொழுந்தர்.

முப்பது வருஷம் வாதாடினார், ஒரு வழக்கிலும் தோற்கவில்லை. எப்படித் தோற்பார்? வழக்குப் போடுவது ராஜா, தீர்ப்புச் சொல்வதும் அதே ராஜா. ஊரார் புகழும்போதெல்லாம் மனுஷருக்குக் காது கூசும். தனக்கு நிஜமாகவே வாதாடத் தெரியுமா என்பது அவருக்கே தெரியாது.

தலைமை மந்திரியான பிரதானி நல்லகுற்றாலருக்கோ அந்த வழக்கறிஞர் ஆசனத்தின் மேல் வெகுநாளாக ஒரு கண். உட்கார்ந்தாலே வெற்றி வந்து விழுகிற ஆசனம் அல்லவா!

ஒருநாள் கவளராஜா என்கிற பட்டத்து யானை ஆற்றைக் கடந்து போய், பக்கத்து நாட்டு அரசன் கோதண்டராயனின் கரும்புத் தோட்டத்தை அரைநாளில் மொட்டையடித்துவிட்டது. கோதண்டராயன் யானையைப் பிடித்து, ஆறு மாதச் சிறை என்று கட்டிப்போட்டுவிட்டான்.

"திருவிழாவுக்குப் பத்து நாள்தான் இருக்கிறது! நான் எதில் ஊர்வலம் போவது, எருமையிலா?" என்று வச்சிரவாகு குதித்தான்.

பிரதானி மெல்லக் கனைத்தார். "மகாராஜா, தோல்வியே அறியாத நம் வழக்கறிஞரைத் தூது அனுப்பலாமே? ஆனால் தங்கள் கௌரவம் முக்கியம். அவர் மன்னிப்புக் கேட்கக் கூடாது. கரும்புக்கு ஈடு கொடுக்கக் கூடாது. படையெடுப்போம் என்று மிரட்டவும் கூடாது."

"பிரமாதம்! மலைக்கொழுந்தரே, யானையோடு வாரும். வெறுங்கையோடு வந்தால் உமது தலை தங்காது" என்றான் ராஜா.

வீட்டில் மனைவி வடிவு கட்டுச்சோறு கட்டிக்கொண்டே கேட்டாள். "அங்கே தீர்ப்புச் சொல்றது யாரு?"

"எதிராளியேதான்."

"அடப் பாவமே! அப்போ இனிமேதான் நீங்க வாதாடணுமா?"

மலைக்கொழுந்தருக்குச் சோற்று மூட்டை கனத்தது. அவள் சொன்னது பொய்யில்லையே.

கோதண்டராயனின் அரண்மனை வாசலில் அரைநாள் காக்கவைத்தார்கள். கூட வந்தவர்கள் ஈ ஓட்டினார்கள். எழுத்து கண்ணில் பட்டால் வாசிக்காமல் இருக்க முடியாத தொழில் மலைக்கொழுந்தருடையது. வாசல் கல்லில் கோதண்டராயனின் பாட்டனார் ஒரு சட்டம் வெட்டிவைத்திருந்தார்: 'இந்நாட்டுச் சிறையில் எந்தக் கைதிக்கும், தன் வீட்டில் பெற்ற சாப்பாட்டிலும் மரியாதையிலும் குறை வைக்கலாகாது.' இரண்டு தரம் வாசித்தார். மூன்றாம் தரம் வாசிக்கும்போது அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"மன்னிப்புக் கேட்க வந்தீரா?" என்றான் கோதண்டராயன், மீசையை முறுக்கிக்கொண்டு.

"இல்லை அரசே. யானையின் மேல் குற்றம் சாட்ட வந்தேன்."

சபை வாயைப் பிளந்தது. மலைக்கொழுந்தர் விடவில்லை. "எல்லை தாண்டியது ஒன்று. கரும்பைத் திருடியது ஒன்று. காவல்காரன் குடிசையைப் பிய்த்தது ஒன்று. இதற்கு வெறும் ஆறு மாதமா? பன்னிரண்டு வருஷமாவது போடவேண்டாமா?"

"ஆகா! இப்படியொரு நியாயவானை நான் கண்டதில்லை! பன்னிரண்டு வருஷம், எழுதுங்கள்!"

"மிக்க சந்தோஷம். தங்கள் பாட்டனார் சட்டப்படி, கைதியின் வீட்டு வழக்கங்களின் பட்டியலை ஒப்படைக்கிறேன்" என்று ஓலையை விரித்தார். "காலையில் எழுப்ப நாகசுரமும் இரண்டு தவிலும். குளிக்கச் சந்தனம் கரைத்த தண்ணீர். நெய்க் கவளம் நாற்பது. மத்தியானம் ஒரு வண்டிக் கரும்பு. சாயங்காலம் ராஜா நேரில் வந்து வெல்லம் ஊட்டவேண்டும்."

"எந்த ராஜா?"

"யானை எந்த ஊரில் இருக்கிறதோ அந்த ஊர் ராஜா. இங்கே தாங்கள்தான்."

"பன்னிரண்டு வருஷமா?"

"தினமும் அரசே. இப்போது வைக்கோல் போடுகிறார்களாம். பாட்டனார் கல்லை வாசலில் வைத்துக்கொண்டு வைக்கோலா? வேண்டாமென்றால் கல்லைப் பெயர்த்துவிடலாம்."

பாட்டனார் கல்லைத் தொட்டால் ஊர் சும்மா விடுமா? கோதண்டராயனின் மீசை தொங்கிவிட்டது. "தண்டனையைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளலாமே?"

"குறைக்க என் மனம் ஒப்பாது. குற்றம் பெரிது."

"அப்படியானால் நாடு கடத்திவிடுகிறேன்! ஆயுசுக்கும் இந்தப் பக்கம் வரக்கூடாது! அது இதைவிடப் பெரிய தண்டனை இல்லையா?"

மலைக்கொழுந்தர் வெகுநேரம் யோசிப்பதுபோல் தாடியைத் தடவினார். "கடுமைதான். தாங்கள் இவ்வளவு வற்புறுத்துவதால் ஒப்புக்கொள்கிறேன்."

யானையின் பின்னால் நடந்து ஊர் திரும்பும்போது அவருக்குக் கண் கலங்கியது. வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு வழக்கை ஜெயித்திருக்கிறார்!

சபையில் பிரதானி துள்ளி எழுந்தார். "மகாராஜா, எதிரி சபையில் நம் யானையைத் திருடன் என்றாராம்!"

"திருடன்தானே ஐயா! நீர் தடுத்த மூன்றில் இவர் எதையாவது செய்தாரா?" என்று வச்சிரவாகு தொடையைத் தட்டிச் சிரித்தான். "மலைக்கொழுந்தரே, என்ன வேண்டும்? கேட்டதைக் கொடுக்கிறேன்."

"இனி நான் தூதராகவே இருந்துவிடுகிறேன் மகாராஜா. அதற்கு முன்னால் ஒரு வழக்கை மறுபடி நடத்தவேண்டும். குதிரை லாயம் கட்டப் பூக்காரி பேராச்சியின் நந்தவனத்தை எடுத்துக்கொண்டோமே, அது. அவள் அழுதுகொண்டே போனாள். நான் வெற்றி மாலை போட்டுக்கொண்டு நின்றேன். இந்தத் தடவை நான் அவள் பக்கம்."

ராஜாவின் சிரிப்பு நின்றது. ஆனால் சபையறியக் கொடுத்த வாக்கு. "என் பக்கம் யார் பேசுவது?"

"பிரதானி இருக்கிறாரே. அந்த ஆசனத்தில் உட்கார வெகுநாளாக ஆசைப்படுகிறார்."

மறுநாள் பிரதானி பட்டுத்தலைப்பாகையோடு எழுந்தார். "நியாயம் மகாராஜா பக்கம்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். அந்த வேலை அவ்வளவுதான் என்று நினைத்திருந்தார், பாவம். பிறகு மலைக்கொழுந்தர் பேசினார். பேசப் பேச ராஜாவின் தலை தாழ்ந்துகொண்டே வந்தது.

"பேராச்சி, உன் நிலம் உனக்கே" என்றான் கடைசியில். ராஜா தன் புது வழக்கறிஞரான பிரதானியை ஒரு பார்வை பார்த்துவிட்டு, சேவகர்கள் பக்கம் திரும்பினான்.

"லாயத்தை இன்றைக்கே பிரித்துவிடுங்கள். அறுபது குதிரைகளையும் பிரதானி வீட்டு முற்றத்தில் கட்டுங்கள்."