காலர் மைக்

தவமணி ஆவணப்படம் எடுக்கிறவள். அவளிடம் தொழில் கற்க வந்த வைரவன் அவளைவிட மூத்தவர். காலமெல்லாம் கல்யாண வீடியோ எடுத்து அலுத்துப்போன ஆள்.

இப்போதைய படம், சென்னையில் சாதி கேட்டு வீடு வாடகைக்கு விடுகிறவர்களைப் பற்றியது.

அன்று எடிட்டிங் அறைக்குள் கொதித்துக்கொண்டே வந்தார் வைரவன்.

"மேடம், இதைக் கேளுங்க."

பூங்காவனம் என்ற நர்ஸின் குரல். பேட்டி முடிந்ததும் காலர் மைக்கைக் கழற்ற மறந்து சமையலறைக்குப் போய்விட்டாள். போனில் தங்கையிடம் தாழ்ந்த குரலில் சொல்கிறாள்: "ஓனரம்மாகிட்ட நாம என்ன சாதின்னு சொல்லியிருக்கேன், ஞாபகம் இருக்கில்ல? மாத்தி உளறிடாதடி. இந்த வீடும் போச்சுன்னா தெருதான்."

"கேமரா முன்னாடி இதைப் பத்தி வாயே திறக்கல மேடம். உண்மை இங்கதான் இருக்கு. இதை வெச்சா படம் எங்கயோ போயிடும்."

"அவ எங்க போவா?"

வைரவனுக்குச் சுருக்கென்றது. கூடவே கோபம். "ஒரு பொம்பளையப் பொய் சொல்ல வைக்கிற ஊரு இது. நாறட்டுமே! காட்ட வேணாமா?"

"மைக் ஓடுதுன்னு அப்பவே தெரியுமா உங்களுக்கு?"

"ஹெட்போன்ல கேட்டுச்சு."

"அவகிட்ட சொன்னீங்களா?"

"சொன்னா நிறுத்திடுவாளே!"

தவமணி எழுந்தாள். அதே மைக்கை எடுத்து அவர் சட்டையில் மாட்டினாள். மாட்டின வேகத்தில் பொத்தான் தெறித்து விழுந்தது.

"சாயங்காலம் உங்க பொண்ணைப் பார்க்க மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வர்றாங்கன்னுதானே லீவு கேட்டீங்க?"

"ஆமா."

"இதோட போங்க. அவங்க எழுந்து போற வரைக்கும் ஓடட்டும். உங்க வீட்டு உண்மையை முதல் காட்சியா வெப்போம்."

"விளையாடாதீங்க மேடம். எங்க வீட்ல என்ன கிடக்கு?"

"ஒண்ணும் இல்லேன்னா கிளம்புங்க. ஏன் நிக்கிறீங்க?"

வைரவன் நின்றார். காலையில் காபி ஆற்றிக்கொண்டே மனைவி கேட்டது நினைவுக்கு வந்தது: 'பையனோட அம்மா வேற ஆளுங்கன்னு சொல்றாங்களே, நல்லா விசாரிச்சீங்களா?' அதற்கு அவர் சொன்ன பதிலும் வந்தது.

மைக்கைப் பிடித்து இழுத்தார். கிளிப் துணியைக் கவ்விக்கொண்டு வர மறுத்தது. இன்னும் இழுத்தார்.

"உங்களுக்குன்னா கழட்டத் தெரியுது," என்றாள் தவமணி.

அவர் முகம் கறுத்தது. "சரி மேடம். அழிச்சிடறேன்." கம்ப்யூட்டர் பக்கம் கையை நீட்டினார்.

அவள் அந்தக் கையைத் தட்டிவிட்டாள். "கேக்காம எடுத்தீங்க. இப்ப கேக்காம அழிக்கிறீங்களா? யார் வீட்டுச் சொத்து?"

"வேற என்னதான் செய்யச் சொல்றீங்க?"

"அவகிட்ட போங்க. ஒட்டுக் கேட்டேன்னு சொல்லுங்க. திட்டுவா, வாங்கிக்குங்க. வெக்கிறதா அழிக்கிறதான்னு அவ சொல்லட்டும்."

வைரவன் வாசல் வரை போனார். திரும்பினார்.

"அவ பேசினா எடுக்கணுமே. கேமராவ எடுத்துட்டுப் போகவா?"

"வெறுங்கையோட போங்கண்ணே."