நாப்பது சொல்லாத பெட்டி

கட்டில்ல ஏறாதே அம்சா, இறங்கு. கூரைத் தகரத்துக்குக் கிட்டப் போகப் போக இன்னும்தான் வேகும். கீழ சிமெண்டுத் தரையில படு. இந்த ஈரத்துணியை வயித்து மேல போட்டுக்கோ. கரண்டு இப்போதைக்கு வராது, ஃபேனையே மொறைச்சுப் பாத்துக்கிட்டு இருந்தா அது சுத்திடுமா? மத்தியானம் ஒரு தூக்கம் போடலைன்னா சாயங்காலம் நீ சிணுங்குவ, நான் கத்துவேன். அத்தை ஒரு கதை சொல்றேன். "ம்" கொட்டணும், கொட்டலைன்னா நிறுத்திடுவேன்.

"ம்."

ஒரு ஊர்ல ஒரு பெட்டி இருந்துச்சாம். மரப்பெட்டி. பளிச்சுனு வெள்ளைப் பெயிண்டு. நாலு பக்கமும் கீத்துக் கீத்தா பலகை அடிச்சிருக்கும், காத்து உள்ள போய் வெளிய வரலாம், வெயில் மட்டும் நுழைய முடியாது. நாலு கால் வச்சு ஆள் நெஞ்சு உசரத்துக்கு நிக்கும். உள்ள ஒரு கண்ணாடிக் குச்சி, குச்சிக்குள்ள பாதரசம். சூடு ஏறுனா அது ஏறும், குளுந்தா இறங்கும்.

"பெட்டி எங்க நிக்கும்?"

புல்லுக்கு நடுவுல. ராசாவோட ஆபீசுத் தோட்டத்துல. ராசான்னா கிரீடம் வச்சவர் இல்லடி, ஏசி ரூம்ல உக்காந்து கையெழுத்துப் போடுறவர். கெட்டவர்னும் சொல்ல முடியாது, அதான் எனக்கு வயித்தெரிச்சல். ஒரு கோடையில ரோட்டு வேலை ஆளுங்க நாலு பேரு மயங்கி விழுந்துட்டாங்கன்னு கேட்டு, ஐயோ பாவம்னு ஒரு சட்டம் போட்டாரு. பெட்டி நாப்பதுன்னு சொன்னா மணி அடிக்கணும். டாண், டாண், டாண்! அடிச்சா வெயில் சாயற வரைக்கும் ஒருத்தரும் ரோட்டுல நிக்கக்கூடாது, எல்லாரும் நிழலுக்குப் போயிடணும். நல்ல சட்டம்தானே?

"ம்."

நல்ல சட்டம்தான். ஆனா மணி ஒரு நாளும் அடிக்கலை.

அந்த ஊர்ல காத்தாயின்னு ஒருத்தி. தார்ச்சட்டி தூக்குறவ. நானும் தூக்குனவதான், அந்தக் கொடுமை எனக்குத் தெரியும். கீழ தார் கொதகொதன்னு கிடக்கும், மேல வெயில் சுள்ளுனு அடிக்கும், தலையில சட்டி. காத்தாயிக்கு ஒரே பொண்ணு, பேரு பவுனு. மூணு வயசு. வீட்ல விட்டுட்டு வர ஆளில்ல, புருசன் போய்ச் சேந்துட்டான். அதனால இடுப்புல தூக்கிட்டே வந்துடுவா. ஜல்லிக் குவியல் ஓரமா ஒரு சாக்கை விரிச்சு, மேல ஒரு பழைய சேலையைக் கட்டி, "இங்கயே இருடி தங்கம், அம்மா இதோ வந்துடறேன்"னு உக்கார வச்சுட்டு வேலைக்குப் போவா.

அப்புறம் சித்திரை வந்துச்சு. பகலெல்லாம் வேகும். ராத்திரியாவது விடுமா? பகல் பூராவும் வெயிலைக் குடிச்ச சுவரும் ரோடும் ராத்திரியில அத்தனையையும் கக்கும். ஒரு பொட்டுத் தூக்கம் கிடையாது. ஒரு நாள் பவுனு சாக்குல உக்காந்துக்கிட்டே, "அம்மா, கீழ சுடுது"ன்னா. காத்தாயி சாக்கை ரெண்டா மடிச்சுப் போட்டா. மணி அடிச்சாத்தான் புள்ளையைத் தூக்கிட்டு நிழலுக்குப் போகலாம். அடிக்கறதுக்கு முன்னாடியே போனா மேஸ்திரி நாளையிலருந்து வராதேன்னுடுவான்.

அப்போ அவ நேரா பெட்டிக்காரர்கிட்ட போனா. அவர் பேரு தணிகாசலம். முப்பது வருசமா பெட்டியைத் திறந்து பாத்து நோட்டுல எழுதறவர், மணி அடிக்க வேண்டியவரும் அவர்தான். ஒரு நாளும் பொய் எழுதாத மனுசன்.

"ஐயா, சுடுதுங்க."

"எத்தனை?"

"எத்தனைன்னா? தாங்க முடியலைங்க."

"பெட்டி முப்பத்தொம்போதுங்குது. தாங்க முடியலைன்னு எழுத நோட்டுல இடமில்லம்மா, போ."

போயிட்டா. ரெண்டாம் நாள் இன்னும் மோசம். நடந்து வந்தவளோட செருப்பு ரோட்டுல ஒட்டிக்கிச்சு. இழுத்தா, சர்ர்ருனு அடிப்பாகம் பிச்சுக்கிச்சு. அந்தச் செருப்பையே கையில எடுத்துட்டுப் போனா. அவர் திருப்பித் திருப்பிப் பாத்தாரு. "மட்டமான ரப்பரா இருக்கும்மா"ன்னாரு. பெட்டியைத் திறந்தாரு. முப்பத்தொம்போதரை. அதையே எழுதிட்டாரு.

"ஏன் அத்தை நாப்பது வரலை?"

அதைக் கேளு. வெயில்ல தோட்டத்துப் புல்லு காய ஆரம்பிச்சுது. தணிகாசலத்துக்குப் பதறிப்போச்சு. பெட்டி பச்சைப் புல்லு மேலதான் நிக்கணும்னு அவருக்கு விதி. அதனால தண்ணி லாரிக்குச் சொல்லி அனுப்புனாரு. டுர்ர்ர்ருனு லாரி வந்துச்சு. ரோட்டுல நாக்கு வறண்டு நிக்கிற ஆளுங்களைத் தாண்டித்தான் போச்சு. தோட்டத்துல சொர்ர்ருனு தண்ணி விட்டாங்க. உன் வயித்து மேல ஈரத்துணி கிடக்கே, எப்படி இருக்கு?

"ஜில்லுனு."

புல்லும் அப்படித்தான். தண்ணி குடிச்ச புல்லு சுத்தி இருக்கிற காத்தையெல்லாம் குளுர வச்சிடும். வெயில் ஏறுனா புல்லு காயும், புல்லு காஞ்சா இவர் தண்ணி விடுவாரு, தண்ணி விட்டா பெட்டி குளுந்துடும். ஊரு வேக வேக இவர் புல்லுக்கு ஊத்திக்கிட்டே இருந்தாரு. பெட்டியும் நாப்பதைத் தொடாம நின்னுக்கிட்டே இருந்துச்சு. அவருக்கே இது தெரியாது அம்சா. தெரிஞ்சு செஞ்சிருந்தா மண்ணை வாரித் தூத்திட்டு நாம நிம்மதியா இருந்துடலாமே.

"ம்."

மூணாம் நாள் காத்தாயி பால்வாடி ஆயாகிட்ட கெஞ்சிக் கூத்தாடி, காய்ச்சல் பாக்கற கண்ணாடிக் குச்சியை வாங்கிட்டு வந்தா. தணிகாசலத்தையும் ஆபீசு வாசல் வரைக்கும் கூட்டியாந்தா. அவர் கண்ணு முன்னாடியே ரோட்டுல வச்சா. கிடுகிடுன்னு ஏறுச்சு, கடைசிக் கோட்டையும் தாண்டி, டொப்! வெடிச்சுப்போச்சு.

"இது காய்ச்சல் பாக்கறதும்மா, ரோடு பாக்கறது இல்ல"ன்னாரு. ஆனா சொல்லும்போதே குரல் இறங்கிப்போச்சு. உள்ள போய், அவர்கிட்ட இருந்த இன்னொரு நல்ல குச்சியை எடுத்தாரு. குடையை எடுத்தாரு. "வா"ன்னாரு. ரோடு போடுற இடத்துக்கே வந்துட்டாரு.

அப்போ குடை நிழல்ல, நெஞ்சு உசரத்துல குச்சியைப் பிடிச்சாரு. நாப்பத்திரெண்டு.

"இன்னும் கீழ பிடிங்கய்யா. எம்பொண்ணு நின்னா இந்த உசரம்தான்."

பிடிச்சாரு. நாப்பத்தஞ்சு.

"இன்னும் கீழங்கய்யா. அவ படுத்துக் கிடக்கற உசரம்."

குனிஞ்சாரு, மண்டி போட்டாரு, பவுனு உக்காந்திருந்த சாக்கு ஓரத்துல ரோட்டுல வச்சாரு. அம்பதைத் தாண்டி ஓடுச்சு. ஓடிக்கிட்டே இருந்துச்சு. முப்பது வருசமா நெஞ்சு உசரத்துலயே பாத்துப் பழகுனவர், ஒரு நாளும் குனிஞ்சு பாத்ததில்ல. பவுனு அவரைப் பாத்து, "தாத்தா, தண்ணி"ன்னுச்சு. பாட்டில்ல இருந்ததைக் குடுத்துட்டு, "இதோ போறேம்மா, மணி அடிக்கிறேன்"னு ஓட்டமா ஓடுனாரு.

"அடிச்சாரா?"

மணிக் கயித்தைக் கையில பிடிச்சாரு. இன்னொரு கையில நோட்டைத் திறந்தாரு. நோட்டுல என்ன போட்டிருக்கு? "பெட்டிக்குள் எத்தனை"ன்னு போட்டிருக்கு. பெட்டியைத் திறந்தாரு. முப்பத்தொம்போதரை. இதை எழுதிட்டு மணி அடிச்சா சட்டத்தை மீறுன மாதிரி, ரோட்டுல பாத்ததை எழுதுனா பொய் எழுதுன மாதிரி. கயித்தை விட்டாரு. ஒரு காகிதம் எடுத்து, "மணி அடிக்க அனுமதி வேண்டும்"னு அழகா ராசாவுக்கு எழுதிட்டு, மாடிப்படி ஏறுனாரு. ராசா மீட்டிங்ல இருந்தாரு. இவர் கதவு பக்கத்துல பெஞ்சுல உக்காந்துட்டாரு. உக்காந்துட்டாரு பாரு! எனக்கு அந்தப் பெஞ்சை நெனச்சாத்தான் ஆத்திரம் ஆத்திரமா வருது.

அங்க காத்தாயி என்ன பண்ணா? பெரியவர் கண்ணால பாத்துட்டுப் போயிருக்காரு, இதோ அடிச்சிடுவாருன்னு நம்புனா. நம்பாம இருந்திருந்தா வேலையாவது மண்ணாவதுன்னு புள்ளையைத் தூக்கிட்டுப் போயிருப்பா. ஒரு சட்டி கொட்டுனா, காதைக் குடுத்துக் கேட்டா. ரெண்டாவது சட்டி கொட்டுனா, கேட்டா. மூணாவது சட்டியை அப்படியே போட்டுட்டு சாக்குகிட்ட வந்தா.

பவுனு படுத்திருந்தா. உடம்புல ஒரு சொட்டு வேர்வை இல்ல. தோலு காஞ்சுபோய், தொட்டா கை பொள்ளுது. "பவுனு, பவுனு"ன்னா. சத்தமே இல்ல.

தூக்கிட்டு ஓடுனா. எங்க ஓடுவா? கண்ணுக்குத் தெரிஞ்ச ஒரே பச்சை அந்தத் தோட்டம்தான். அங்க போய் பெட்டிக்குக் கீழ, ஈரப் புல்லுல கொண்டுபோய்ப் போட்டா. கீழ கை ஊனுனா, ஜில்லுனு இருந்துச்சு. அந்த ஒரு ஜில்லுலதான் அவளுக்கு எல்லாம் விளங்குச்சு. புள்ளைக்கு வேண்டிய குளுமை அத்தனையும் இங்க ஒரு பெட்டிக்கு ஊத்தி வச்சிருக்காங்க, அதனாலதான் மணி அடிக்கலைன்னு. தணிகாசலம் படியில விழுந்து எழுந்து ஓடியாந்தாரு. குடம் குடமா ஊத்துனாங்க.

"பவுனு செத்துட்டாளா அத்தை?"

செத்துட்டாடி. அதை மாத்திச் சொல்ல எனக்கு மனசு வரலை.

அப்புறம் ராசா இறங்கி வந்தாரு. பாத்தாரு. நிசமாவே அழுதாராம். அழுதுட்டு மாடிக்குப் போய், இனிமே இப்படி நடக்கவே கூடாதுன்னு அன்னிக்கே ஒரு புதுச் சட்டம் போட்டாரு. என்ன சட்டம் தெரியுமா? வேலை நடக்கிற இடத்துக்கு யாரும் புள்ளைங்களைக் கூட்டிட்டு வரக்கூடாது. பெரிய போர்டா எழுதி, ரோட்டுக்கு ரோடு நட்டு வச்சாங்க.

"பெட்டி?"

பெட்டி அங்கயேதான் நிக்குது, புல்லு மேல. தண்ணியும் விடுறாங்க.

"காத்தாயி?"

சட்டி தூக்குறா. வேற என்ன செய்வா?

"அப்போ மத்த புள்ளைங்கள்லாம் எங்க போச்சு?"

எங்க போகும்? வீட்டுக்குள்ள, தகரத்துக்குக் கீழ. அம்மாக்காரி காலையில வெளிய கொக்கியைப் போட்டுட்டுப் போயிடுவா. தார்ல கால் வெந்து வேலைக்குப் போக முடியாம கிடக்கிற என்னை மாதிரி ஒருத்தி அக்கம்பக்கத்துல இருந்தா, உள்ள உக்காந்து ஈரத்துணி நனைச்சுப் போடுவா. உனக்கு நான் இருக்கேன். பக்கத்து லைன் வீடுங்கள்ல எத்தனையோ புள்ளைங்களுக்கு அதுவும் இல்ல.

"அத்தை, அது நம்ம ஊரா?"

கண்ணை மூடு.

"எங்கம்மா இப்போ ரோட்டுலயா இருக்கா?"

ம்.

"மணி அடிச்சா வந்துடுவாளா?"

வந்துடுவாடி. காதைத் திறந்து வச்சுக்கிட்டு, கண்ணை மட்டும் மூடிக்கோ. கதை இத்தோட தீந்துபோச்சு. தூங்கு.