வேப்பிலை எண்ணிய பண்டிதர்

முன்னொரு காலத்தில், எண்ணிச் சொன்னவனுக்கு நெய்ச்சோறும், எண்ணியது சரியா என்று கேட்டவனுக்கு வெளிவாசலும் காட்டிய ஒரு நாடு இருந்தது. அதை உத்துங்க பூபதி என்ற ராஜா ஆண்டுவந்தார். கெட்டவர் என்று சொல்ல முடியாது. காலையில் யார் முதலில் வந்து காதில் ஓதுகிறார்களோ, அன்று முழுக்க அதுதான் அவருடைய புத்தி.

ஒருநாள் அவருடைய மாமனாரிடமிருந்து ஓலை வந்தது. மாமனாரும் ராஜாதான், பக்கத்து நாட்டை ஆண்டார். 'எங்கள் நாட்டில் ஜனம் பெருகிவிட்டது, நிற்க இடமில்லை' என்று அதில் பெருமையடித்திருந்தார். உத்துங்க பூபதிக்கு அன்றைக்குப் பலகாரம் தொண்டையில் இறங்கவில்லை.

"நம் நாட்டில் இன்னும் முப்பது ஆண்டில் எத்தனை பேர் இருப்பார்கள்? அந்த எண்ணைக் கல்லில் வெட்டிக் கோட்டை வாசலில் நட வேண்டும். அடுத்த முறை வரும்போது மாமனார் அதைப் பார்த்து வயிறெரிய வேண்டும்!" என்றார்.

இன்றைக்கு இருப்பவர்களையே எண்ணத் துப்பில்லாத நாட்டில், இனிமேல் பிறக்கப் போகிறவர்களை யார் எண்ணுவது? அதற்கென்றே ஒருவர் அரண்மனைச் சோற்றில் வளர்ந்துகொண்டிருந்தார். கணித சிரோமணி அனந்தசங்கியர் என்று பெயர். கல்யாணம் செய்துகொள்ளாதவர். அழுகிற குழந்தையைக் கண்டால் மேல்துண்டால் காதைப் பொத்திக்கொள்பவர். பிள்ளைப்பேற்றைப் பற்றி நாட்டுக்குச் சொல்ல இவரைவிடப் பொருத்தமான ஆள் கிடைப்பாரா?

பண்டிதர் சேவகர்களைக் கூப்பிட்டு ஒரு வழி சொல்லிக்கொடுத்தார். குழந்தை பிறந்த வீட்டு வாசல் நிலையில் வேப்பிலைக் கொத்துச் செருகுவது அந்த நாட்டு வழக்கம். ஆகவே குதிரையில் ஏறித் தெருத்தெருவாகப் போங்கள், வேப்பிலையை எண்ணுங்கள், ஊர்ப்பெயருக்கு நேரே எழுதுங்கள், வீட்டுக்காரர்களிடம் பேச்சுக் கொடுக்காதீர்கள் என்றார். பேச்சுக் கொடுத்தால் கணக்குக் குழம்பிவிடுமாம்.

அந்த வருஷக் கடைசியில், சபையின் விகடகவி வைரவன் வீட்டு வாசலிலும் வேப்பிலை ஏறியது. அவனுடைய தங்கை வடிவு சம்பாவயல் என்ற ஊரில் வாழ்க்கைப்பட்டவள். பிரசவத்துக்கு அண்ணன் வீட்டுக்கு வந்தவளுக்குப் பெண்குழந்தை பிறந்திருந்தது. வைரவன் சர்க்கரை வழங்கிக்கொண்டிருந்தபோது ஒரு சேவகன் குதிரையிலிருந்தபடியே எட்டிப்பார்த்து, "தலைநகரம், ஒன்று" என்று எழுதினான்.

"ஐயா, அது சம்பாவயல் புள்ளை. அஞ்சாம் மாசம் தாயோட ஊருக்குப் போயிடும்" என்றான் வைரவன்.

"வேப்பிலை எங்க இருக்கோ அங்கதான் புள்ளை. பண்டிதர் உத்தரவு" என்று சொல்லிவிட்டு அவன் குதிரையைத் தட்டினான்.

வைரவன் வயிறு குலுங்கச் சிரித்தான். சிரித்திருக்க வேண்டாம் என்று பத்து நாளில் தெரிந்தது.

பத்தாம் நாள் சபை கூடியது. பண்டிதர் ஓலைக் கட்டை அவிழ்த்தார். "மகாராஜா! ஈச்சங்கரை என்ற ஊரில் இருநூறு பேர். இந்த ஓர் ஆண்டில் மட்டும் அறுபது வேப்பிலை! மூன்று ஆண்டுக்கு ஒருமுறை அந்த ஊர் இரட்டிக்கும். முப்பது ஆண்டில் பத்து இரட்டிப்பு. அந்த ஓர் ஊரிலிருந்தே தங்களுக்கு இரண்டு லட்சம் பேர்!"

ராஜா தொடையைத் தட்டிக்கொண்டார். ஒரே ஒரு வருஷம் எண்ணிவிட்டு முப்பது வருஷத்துக்கு எப்படிச் சொல்லலாம் என்று அந்தச் சபையில் ஒருவருக்கும் கேட்கத் தோன்றவில்லை. தோன்றியவர்களுக்கும் வெளிவாசல் நினைவுக்கு வந்திருக்கும்.

வைரவன் எழுந்தான். "மகாராஜா, பண்டிதர் கணக்கு அபாரம். நம் இளவரசர் பிறந்தபோது இருந்த எடை ஐந்தே மாதத்தில் இரட்டித்தது, நினைவிருக்கிறதா? இதே கணக்கில் போனால் ஐந்து வயதில் பன்னிரண்டு இரட்டிப்பு. பட்டத்து யானை மூன்றைச் சேர்த்துக் கட்டிய எடை வரும். இளவரசருக்குத்தான் ஐந்து நிறைந்துவிட்டதே, அவரை எந்தக் கொட்டிலில் கட்டியிருக்கிறீர்கள்?"

ராஜா மடியில் உட்கார்ந்திருந்த இளவரசரைத் தூக்கிப் பார்த்துவிட்டுக் கடகடவென்று சிரித்தார். சபையும் சிரித்தது. பண்டிதர் முகம் சுருங்கியது. அவருக்கு வைரவனைக் கண்டால் எப்போதுமே ஆகாது. ராஜா தன் வெற்றிலைப் பெட்டியை வைரவன் பக்கம் நகர்த்தும்போதெல்லாம் அவருக்கு நெஞ்சு எரியும். அன்று அவர் பல்லைக் கடித்துக்கொண்டு அடுத்த ஓலையை எடுத்தார்.

"இன்னொரு பக்கமும் இருக்கிறது, மகாராஜா. சில ஊர்களில் வேப்பிலை பூஜ்யம். அப்படி ஓர் ஊரில் முந்நூற்று இருபது பேர், ஆண்டுக்கு எட்டுச் சாவு. நாற்பதாம் ஆண்டில் அங்கே காக்கைதான் இருக்கும். ஆளில்லாமல் போகப்போகிற ஊருக்கு ஏரி எதற்கு, வயல் எதற்கு? நாற்பது ஆண்டு கழித்து நடக்கப்போவதை இன்றே நடத்திவிடுவதல்லவா ராஜதந்திரம்! அந்த ஊர்களைக் காலிசெய்து, பெருகுகிற ஊருக்குக் கொடுத்துவிடலாம். அதுவரை மேற்பார்வைக்கு அடியேன் இருக்கிறேன்."

அது எந்த ஊர் என்று வைரவனுக்குப் புரிந்துவிட்டது. சம்பாவயல் ஏரிக்கரையில் தனக்கொரு கணித மண்டபம் கட்ட வேண்டும் என்று பண்டிதர் நெடுநாளாகக் கண் வைத்திருந்தார். அந்த ஊரில் ஏன் வேப்பிலை பூஜ்யம் என்பதும் வைரவனுக்குத் தெரியும். எல்லையம்மனுக்குக் கட்டுப்பட்டு, சம்பாவயல் எல்லைக்குள் யாரும் பிரசவம் பார்ப்பதில்லை. மருமகள்கள் தாய்வீட்டுக்குப் போய்விடுவார்கள். அவர்களில் பெரும்பாலோருக்குத் தாய்வீடு ஈச்சங்கரை. கைராசிக்கார மருத்துவச்சி இருப்பதும் அங்கேதான்.

"மகாராஜா, அங்கே பிள்ளைகள்..." என்று அவன் ஆரம்பித்தான்.

"இவன் தங்கை அந்த ஊரில்தான் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள்!" என்று பண்டிதர் குறுக்கே பாய்ந்தார். "சொந்தத்துக்காகப் பேசுகிறான். விசுவாசம் இருந்தால் இந்த ஆணையை இவனே நிறைவேற்றட்டும், மகாராஜா. எட்டு நாள் தவணை. ஓர் எழுத்துப் பிசகினாலும் குடும்பத்தோடு நாடு கடத்துங்கள்."

ராஜாவுக்கு அன்று காலை முதலில் காதில் ஓதியவர் பண்டிதர். "அப்படியே ஆகட்டும். வைரவா, இனி நீ கணக்கைப் பற்றி வாயைத் திறக்கக் கூடாது" என்று முடித்துவிட்டார். ஆணையைப் பண்டிதரே சொல்லச் சொல்ல எழுதினார்கள். ஊரின் பெயரைச் சொன்னால் தன் ஆசை வெளியே தெரிந்துவிடும் என்று அவர் ரொம்பச் சாமர்த்தியமாகப் பெயரை மட்டும் விட்டுவிட்டார்.

வைரவன் ஆணையோலையும் பண்டிதரின் ஊர்ப்பட்டியலுமாக வீட்டுக்கு வந்தான். சேதி அவனுக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது. வடிவு குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"அண்ணே, எங்க ஊரைக் காலி பண்ணப் போறது நீங்கதானாமே?"

அவன் ஓலையை முதுகுக்குப் பின்னால் மறைத்தான்.

"அஞ்சாம் மாசம் இவளைத் தூக்கிக்கிட்டு நான் எங்கே போவேன்? உங்க மச்சான் ஏரி நிறைஞ்சிருக்குன்னு நேத்துதான் சொல்லி அனுப்பிச்சாரு. ஊரையே சிரிக்க வைக்கிற மனுசன் நீங்க. தங்கச்சி வீட்டு அடுப்பை அணைக்கவா அரண்மனைக்குப் போறீங்க?"

ஊருக்கெல்லாம் பதில் வைத்திருந்தவனுக்கு அவள் முன்னால் அழுகைதான் வந்தது. முகத்தைத் திருப்பிக்கொண்டு ஓலையை மறுபடி படித்தான். அவமானத்தில் ஒருமுறை படித்தான், கோபத்தில் ஒருமுறை படித்தான். மூன்றாம் முறை படித்தபோது கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

"வடிவு, ஈச்சங்கரையில உன் சேக்காளிகள் எத்தனை பேர் கைப்புள்ளையோட இருப்பாங்க?"

"இருபத்தஞ்சு பேராச்சும் இருப்பாங்க. எதுக்குண்ணே?"

"அவங்களுக்குப் புது வீடு பார்த்திருக்கேன்" என்றான் வைரவன்.

வந்த சனிக்கிழமை உத்துங்க பூபதி உச்சந்தலையில் எண்ணெய் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சீயக்காய் கரைத்தாயிற்று. வெந்நீர் ஆவி பறந்தது. அப்போது நாலு சேவகர்கள் உள்ளே வந்தார்கள், கும்பிட்டார்கள், வெந்நீர் அண்டாவைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

"அடேய்!" என்று கத்திக்கொண்டு ராஜா இடுப்புத் துண்டோடு வெளியே ஓடிவந்தார். ராணியின் ஊஞ்சல் வண்டியில் ஏறிக்கொண்டிருந்தது. கட்டிலை நாலு பேரும், கண்ணாடியை இரண்டு பேரும் சுமந்து போனார்கள். கொலுமண்டபத்திலிருந்து கேட்ட சத்தம் காதைக் கிழித்தது. ராஜா உள்ளே எட்டிப்பார்த்தார். தூணுக்குத் தூண் சேலைத்தூளி ஆடியது. மந்திரி உட்கார்கிற இடத்தில் ஒருத்தி குழந்தைக்கு வசம்பு உரைத்துக்கொண்டிருந்தாள். சிம்மாசனத்துக் குடையிலும் ஒரு தூளி. அதிலிருந்து சொட்டியது பன்னீர் இல்லை.

"வைரவா! என்ன இது!"

வைரவன் குனிந்து வணங்கினான். "தங்கள் ஆணை, மகாராஜா. கணக்கைப் பற்றி அடியேன் வாய் திறக்க மாட்டேன். எழுதியதை மட்டும் படிக்கிறேன். 'வேப்பிலை பூஜ்யம் என்று கண்ட இடம் எதுவானாலும், பட்டியல் வரிசைப்படி, ஆளையும் பொருளையும் வெளியேற்றி, வேப்பிலை மிகுந்த ஊராருக்கு அதை ஒப்படைக்க வேண்டும்.' பட்டியலில் முதல் பெயர் அரண்மனைக் கோட்டை. பண்டிதர் மரியாதைக்காகத் தங்களை முதலில் எழுதியிருக்கிறார். பக்கத்தில் பூஜ்யம் போட்டிருக்கிறார்."

பண்டிதர் மூச்சிரைக்க ஓடிவந்தார். "அபத்தம்! கோட்டைக்குள் பட்டத்து வாள் இருக்கிறது. தீட்டு ஆகாதென்று இங்கே யாரும் பிரசவம் பார்ப்பதில்லை. மகாராணியார் தம் தந்தை வீட்டுக்குப் போய்விடுவார். இது குழந்தைக்குக்கூடத் தெரியுமே!"

"கேட்டீர்களா, மகாராஜா? குழந்தைக்குத் தெரியுமாம்" என்றான் வைரவன்.

ராஜா பண்டிதரை ஒரு பார்வை பார்த்தார். நெற்றியில் வழிந்த எண்ணெயைத் துடைத்துவிட்டு, வசம்பு உரைத்தவளிடம் போனார். "நீ எந்த ஊரம்மா?"

"சம்பாவயலுங்க. பேறு பார்க்க ஈச்சங்கரையில ஆத்தா வீட்டுக்கு வந்தேனுங்க."

"நீ?"

"நானும் சம்பாவயல்தாங்க. அடுத்த மாசம் புள்ளையோட போயிடுவேன்."

ராஜா தூளி தூளியாகக் கேட்டுக்கொண்டு போனார். சம்பாவயல், சம்பாவயல், வேறொரு ஊர், மறுபடி சம்பாவயல். கடைசியில் மண்டபத்தின் நடுவில் நின்று குரலை உயர்த்தினார். "ஈச்சங்கரைக்காரர் இங்கே ஒருவர்கூட இல்லையா?"

மூலையில் வெற்றிலை மென்றுகொண்டிருந்த மருத்துவச்சி கையைத் தூக்கினாள். "நான் ஒருத்தி இருக்கேனுங்க, சாமி. எனக்கு வயசு அறுபத்தஞ்சு. ரெண்டு லட்சம் என்னால ஆகாதுங்க."

பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பண்டிதருக்கு மட்டும் தரையில் ஏதோ அவசரமாகத் தேட வேண்டியிருந்தது.

"இன்னும் ஒன்று, மகாராஜா" என்றான் வைரவன். "பண்டிதர் விதிப்படி வேப்பிலை இருக்கிற இடத்துக்குத்தான் பிள்ளை சொந்தம். எட்டு மாதத்துக்கு முன் நம் இளவரசி பிறந்தபோது தங்கள் மாமனார் வாசலில்தானே வேப்பிலை செருகினார்கள்? இளவரசருக்கும் அங்கேதானே? நிற்க இடமில்லாத அளவுக்கு ஜனம் பெருகிவிட்டதென்று அவர் ஓலை அனுப்பினாரே. அந்த ஜனத்தில் இரண்டு பேர் தங்கள் மடியில் உட்கார்ந்து நெய்ச்சோறு தின்கிறார்கள்."

ராஜாவுக்கு முதலில் முகம் சிவந்தது. பிறகு தோள் குலுங்கியது. பிறகு அவர் துண்டை இறுகப் பிடித்துக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தார். சிம்மாசனத்துக் குழந்தை அந்தச் சத்தத்தில் விழித்துக்கொண்டு வீறிட்டது. ராஜாவே போய்த் தூளியை ஆட்டினார்.

சம்பாவயல் ஆணை அந்த இடத்திலேயே கிழிக்கப்பட்டது. தாய்மார்களுக்கெல்லாம் ஆளுக்கொரு சேலை கிடைத்தது. வைரவனுக்கு ராஜா தம் கைக்காப்பைக் கழற்றிப் போட்டு, "இன்னும் என்ன வேண்டும், கேள்" என்றார்.

"பண்டிதர் மறுபடி எண்ண வேண்டும், மகாராஜா. குதிரை இல்லாமல், வீடு வீடாக நடந்துபோய், தாயைக் கேட்டு, பிள்ளையைக் கண்ணால் பார்த்து."

அப்படியே உத்தரவாயிற்று. கோட்டை வாசலில் நடுவதற்காக, ஈச்சங்கரைக்கு இரண்டு லட்சம் என்று முதலில் வெட்டிவைத்திருந்த கல்லும் வீணாகப் போகவில்லை. மருத்துவச்சி அதைக் கேட்டு வாங்கிக்கொண்டு போய்த் தன் வீட்டுக் கிணற்றடியில் போட்டாள். குழந்தைத் துணி துவைக்க வாகாக இருந்ததாம்.

அடுத்த வாரம், காலெல்லாம் புழுதியோடு, காதைப் பொத்த முடியாமல் இரண்டு கையிலும் ஓலையும் எழுத்தாணியுமாகப் பண்டிதர் வைரவன் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"குழந்தை... எந்த ஊர்?"

"சம்பாவயல்" என்றாள் வடிவு.

பண்டிதர் தம் கையாலேயே சம்பாவயலுக்கு நேரே இருந்த பழைய பூஜ்யத்தைச் சுரண்டிவிட்டு ஒன்று என்று எழுதினார். விட்டது சனியன் என்று அவர் திரும்பியபோது வடிவு விடவில்லை.

"கண்ணால பார்த்துட்டுத்தான் எழுதணும்னு உத்தரவாமே. உள்ளே வாங்க. இப்பத்தான் தூங்குனா. சத்தம் போடாம எண்ணிட்டுப் போங்க."