உருளி நெய்த சுவர்

அந்தக் காலத்தில் கண்ணுக்குப் புலப்படாதவைகூட வாய்விட்டுப் பேசும். ஒரு துளி நீருக்குள் ஓர் ஊரே இருக்கும். அந்த ஊருக்குள் சண்டையும் சமாதானமும், சிரிப்பும் இழவும் எல்லாம் உண்டு. இன்று நாம் பாக்டீரியா என்று சொல்கிறோமே, அந்த நுண்ணுயிர்களின் ஊர் அப்படித்தான் இருந்தது. கடலுக்கும் கண்டல் காட்டுக்கும் நடுவில் கிடந்த ஓர் உப்பங்கழிதான் அவர்களுக்கு உலகம்.

அப்போது அவர்களில் யாருக்கும் சுவர் கிடையாது. உடம்பைச் சுற்றி மெல்லிய தோல் மட்டும் இருந்தது, காய்ச்சிய பால் ஆறும்போது மேலே படியும் ஆடையைப் போல. அதுவே போதுமானதாகவும் இருந்தது. உடம்புக்குள் எவ்வளவு உப்போ, வெளியே கழியிலும் அவ்வளவு உப்பு. அதனால் தண்ணீர் யாரையும் தொந்தரவு செய்யவில்லை. அலை வரும், போகும். அழுகிய இலையும் மீன் செதிலும் சாப்பாட்டுக்குக் கிடைக்கும். வயிறு நிறைந்தால் உடம்பு நீளும், நடுவில் இறுகும், ஒருவர் இருவராவார். அந்த ஊரில் பிறப்பு என்பது அவ்வளவுதான்.

அந்த ஊரில் உருளி என்று ஒருத்தி இருந்தாள். நீண்டு உருண்ட உடம்பு என்பதால் அந்தப் பெயர். அவளோடு ஒரே தாயிலிருந்து பிரிந்த தங்கை தெள்ளி. இருவரும் ஒரே உடம்பாக இருந்தவர்கள் என்பதால் ஒருத்தி நினைப்பது இன்னொருத்திக்குச் சொல்லாமலே தெரியும். தெள்ளி துறுதுறுப்பானவள், புதிதாக எதைக் கண்டாலும் முதல் ஆளாய்ப் போய் நிற்பாள். உருளி அப்படியில்லை. எதையும் நின்று பார்த்துவிட்டுத்தான் நகருவாள்.

ஓர் ஆண்டு காற்றுக்காலத்தில் மணல் மேடிட்டுக் கழியின் வாய் அடைபட்டுப் போனது. கடல் உள்ளே வரவில்லை. அதைப் பற்றி யாரும் பெரிதாகக் கவலைப்படவில்லை. பிறகு ஐப்பசி பிறந்தது, மழையும் வந்தது. முன்பெல்லாம் மழை பெய்தால் கடல்நீரோடு கலந்து தெரியாமல் போய்விடும். இந்த முறை கலக்கக் கடல் இல்லை. பெய்ததெல்லாம் கழியிலேயே தேங்கியது.

உருளி அப்போது ஒரு கண்டல் வேருக்கடியில் சேற்றுக்குள் இரை தேடிக்கொண்டிருந்தாள். தெள்ளி மேலே, மழைத்துளி விழுகிற இடத்துக்கே போய்விட்டாள்.

"அக்கா, தண்ணி இனிக்குதுக்கா. மேல வா."

உருளி தலை நிமிர்ந்து பார்த்தாள். தங்கையின் உடம்பு பளபளவென்று இருந்தது. வழக்கத்தைவிடப் பருத்தும் இருந்தது.

"என்னடி, ஊதிப் போயிருக்கே?"

"உடம்பு லேசா இருக்கு. மிதக்குற மாதிரி..."

அதற்கு மேல் அவள் பேசவில்லை. உடம்புக்குள் இருந்த உப்பு வெளியே இருந்த நல்ல தண்ணீரை இழுத்தது. இழுத்த தண்ணீர் போக இடமில்லாமல் அந்த மெல்லிய தோலை உள்ளிருந்து தள்ளியது. தோல் எவ்வளவு தாங்கும்? உருளியின் கண் முன்னாலேயே தெள்ளி வெடித்துக் கலைந்தாள். அவள் இருந்த இடத்தில் கலங்கிய நீர்தான் இருந்தது. அவளைப் போலவே மேலே இருந்த அத்தனை பேரும் அன்று போனார்கள். சேற்றுக்குள் கிடந்த உப்புதான் மிச்சப் பேரைக் காப்பாற்றியது.

மழை விட்டது. வெயில் வந்து தண்ணீர் வற்ற வற்றக் கழியில் மறுபடி உப்பேறியது. பிழைத்தவர்கள் வேருக்கடியில் கூடினார்கள். உருளி ஓர் ஓரத்தில் கிடந்தாள். அவள் உடம்பில் பாதியைப் பிய்த்து எறிந்தாற்போல இருந்தது.

ஊருக்குப் பெரியவன் மணியன். உருண்டை உடம்புக்காரன். எப்போதும் தன் கூட்டத்தோடு திராட்சைக் குலைபோல ஒட்டிக்கொண்டே திரிவான். "சேத்துக்குள்ளயே கிடப்போம். கழிவாய் திறக்குற வரைக்கும் யாரும் மேல போகக் கூடாது," என்றான்.

"திறக்கலைன்னா?" என்று கேட்டான் நெளியன். அவனுக்கு உருவம் என்று ஒன்று கிடையாது. ஒரு நேரம் உருண்டையாக இருப்பான், ஒரு நேரம் இழையாக நீளுவான். "மழை பெஞ்சுகிட்டே இருந்தா சேத்துல இருக்குற உப்பும் கரையத்தான் செய்யும் அண்ணே. நான் ஒரு நண்டோட உடம்புக்குள்ள போயிடப் போறேன். உள்ளே எப்பவும் உப்பு, எப்பவும் சாப்பாடு. உருளி, நீயும் வர்றியா?"

"அது அடுத்தவங்க வீடு நெளியா."

"கூரை யாரோடதுன்னு மழைக்குத் தெரியுமா?"

உருளிக்கு அவன் மேல் கோபம் வரவில்லை. அவன் சொன்னதில் நியாயம் இருந்தது. ஆனால் தெள்ளி ஆசையாய்ப் போய் நின்ற அந்தத் தண்ணீரைக் கண்டு ஆயுசு முழுக்க ஒளிந்து கிடக்க அவளுக்கு மனம் ஒப்பவில்லை. "எனக்கு வெளியே இருக்கணும்," என்று மட்டும் சொன்னாள். நெளியன் அவளிடம் விடைபெற்றுக்கொண்டு நண்டைத் தேடிப் போனான்.

அன்றிலிருந்து உருளிக்கு ஒரே யோசனை. தோல் கிழிவதுதான் சாவு. அப்படியானால் தோலுக்கு மேல் எதையாவது போட்டுக்கொள்ள வேண்டும். அவள் உடம்புக்குள் இரண்டு விதச் சர்க்கரை இருந்தது. ஒன்று வழவழப்பானது, இன்னொன்றில் சின்னதாக ஒரு கொக்கி நீட்டிக்கொண்டிருக்கும். இரண்டையும் மாற்றி மாற்றிக் கோத்தாள். நூல் வந்தது. அந்த நூலைத் தோலுக்கு வெளியே தள்ளித் தன் உடம்பைச் சுற்றி வளையம் வளையமாக இழுத்துக் கட்டினாள். தலையிலிருந்து வால்வரை கட்டி முடித்தபோது பம்பரத்தில் சுற்றிய சாட்டைபோல இருந்தது.

அடுத்து ஒரு தூறல் வந்தபோது துணிந்து மேலே போனாள். தண்ணீர் உள்ளே இறங்கியது, உடம்பு ஊதியது. நூல் அறுந்துபோகவில்லை. ஆனால் ஒன்றைவிட்டு ஒன்று விலகியது. விலகிய இடைவெளி வழியாகத் தோல் கொப்புளமாகப் பிதுங்கியது. உருளி கண்ணை மூடிக்கொண்டாள். தங்கை போன வழியே தானும் போகப் போகிறோம் என்று நினைத்தாள். அதற்குள் தூறல் நின்று வெயில் சுள்ளென்று அடித்தது. அவள் பிழைத்தது அந்த வெயிலால்தான்.

உடம்பு வற்றியதும் தன்னையே திரும்பிப் பார்த்தாள். எல்லா நூலும் தாறுமாறாக விலகிக் கிடந்தது. இடுப்புப் பக்கத்தில் மட்டும் இரண்டு நூல் அசையாமல் அப்படியே நின்றது. கிட்டே பார்த்தாள். எப்போதோ தின்ற இரையின் புரதத் துணுக்கு ஒன்று இந்த நூலின் கொக்கியிலும் அந்த நூலின் கொக்கியிலும் மாட்டிக்கொண்டு இரண்டையும் சேர்த்துப் பிடித்திருந்தது.

உருளி அதை வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். நூல் வலுவாக இருந்தால் மட்டும் போதாது, பக்கத்து நூலை அது பிடித்திருக்கவும் வேண்டும்.

மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தாள். இந்த முறை ஒவ்வொரு கொக்கியிலும் ஒரு புரதத் துணுக்கைத் தொங்கவிட்டாள். நூலை ஓட்டியதும் இந்த நூலின் துணுக்கை அடுத்த நூலின் துணுக்கோடு சேர்த்து முடிச்சுப் போட்டாள். தனித்தனி வளையங்களாக இருந்தவை சேர்ந்து ஒரே வலையாயின. எங்கே தொடங்கியது, எங்கே முடிந்தது என்று சொல்ல முடியாதபடி அவள் உடம்பின் அளவுக்கே ஒரு பை.

மணியன் வந்து சுற்றிச் சுற்றிப் பார்த்தான். "உன்னை நீயே சிறை வெச்சுக்கிட்டியா? எப்படிச் சாப்பிடுவே?"

"வலையில கண்ணு இருக்குல்ல அண்ணே. இரை உள்ளே வரும். நான்தான் வெளியே பிதுங்க மாட்டேன்."

"சரி. பிரியற நேரம் வந்தா?"

உருளிக்கு அது தெரியவில்லை. வலையை அறுக்காமல் உடம்பு நீளாது, உடம்பு நீளாமல் பிரிய முடியாது. நல்ல தண்ணீரில் அறுத்தால் அந்த ஓட்டை வழியாகவே உயிர் போய்விடும். "தெரியலண்ணே," என்றாள். மணியன் பெருமூச்சுவிட்டுக்கொண்டு போனான்.

கார்த்திகையில் பெருமழை பிடித்தது. நெளியன் சொன்னது போலவே சேற்றின் உப்பும் கரையத் தொடங்கியது. ஒளிந்து கிடந்தவர்களின் உடம்பு மெல்ல மெல்லப் பருத்தது. இனிப் பதுங்க இடமில்லை என்று தெரிந்ததும் மணியனே தன் கூட்டத்தைப் பார்த்து, "உருளி செஞ்ச மாதிரி நெய்யுங்க. சீக்கிரம்," என்றான். எல்லோரும் நூல் கோத்தார்கள், முடிச்சுப் போட்டார்கள். ஆனால் ஒருவர் மனதிலும் நிம்மதி இல்லை. பிரிய முடியாத உடம்பில் எத்தனை காலம் வாழ்ந்துவிட முடியும்?

உருளி மழைக்கு நடுவே மேலே போய் நின்றாள். தண்ணீர் உள்ளே பாய்ந்தது, தோலைத் தள்ளியது. தோல் வலையில் முட்டியது. வலை இம்மியும் நகரவில்லை. தண்ணீர் உள்ளிருந்து தள்ள, வலை வெளியிலிருந்து பிடிக்க, அவள் உடம்பு காற்றடைத்த பந்துபோல விறைத்து நிமிர்ந்தது. அப்படி ஒரு பலத்தை அவள் அதுவரை உணர்ந்ததில்லை. தண்ணீரை நாக்கில் தொட்டுப் பார்த்தாள். தெள்ளி சொன்னது உண்மைதான், இனித்தது.

அந்த நேரம் பார்த்துத்தான் அவளுக்கு வலி கண்டது. உடம்புக்குள் எல்லாம் இரண்டிரண்டாகியிருந்தது. இரண்டு உயிர் ஓர் உடம்புக்குள் நெருக்கிக்கொண்டு வெளியே வழி கேட்டன. வலை விட்டுக்கொடுக்கவில்லை.

"உருளி, அறுத்துடாதே," என்று கீழேயிருந்து மணியன் கத்தினான். "மழை விடட்டும். அதுவரைக்கும் பொறுத்துக்கோ."

மழை விடுகிற மாதிரி இல்லை. அறுக்காவிட்டால் உள்ளே இருக்கும் இருவரும் மூச்சு முட்டிச் சாவார்கள். அறுத்தால் இருவருமே சிதறிப் போவார்கள். வலி பின்னி எடுத்தது. அந்த வலிக்குள்ளும் உருளி தன் வழக்கப்படி ஒரு கணம் நின்று பார்த்தாள். அறுப்பது முதலில், நெய்வது பிறகு என்றுதானே இவ்வளவு நாளும் எண்ணிக்கொண்டிருந்தோம், ஏன் அப்படி இருக்க வேண்டும்?

பழைய வலைக்கு உள்பக்கம், தோலை ஒட்டி, உடம்பின் நடுவில் புது நூல் ஒன்றை ஓட்டினாள். அதன் இரு பக்கமும் இருந்த பழைய நூல்களோடு அதை முடிச்சுப் போட்டாள். ஒவ்வொரு முடிச்சையும் இழுத்துப் பார்த்தாள். எல்லாம் நின்றது. அதன் பிறகு, மேலே இறுக்கிக்கொண்டிருந்த பழைய முடிச்சைத் தானே கடித்து அறுத்தாள்.

கீழே இருந்தவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். உருளி வெடிக்கவில்லை. அறுந்த இடத்தைப் புது நூல் ஏற்கெனவே தாங்கிக்கொண்டிருந்தது. வலை ஒரு நூல் அகலம் நீண்டது.

"இன்னொண்ணு," என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். நெய்தாள், முடிச்சிட்டாள், அறுத்தாள். மறுபடி நெய்தாள். உடம்பு நீண்டது. நடுவில் உள்நோக்கி வளையமாக நெய்துகொண்டே போனாள். வளையம் சுருங்கிச் சுருங்கிக் கடைசியில் ஒரு குறுக்குச் சுவராக மூடிக்கொண்டது. அந்தச் சுவரை இரண்டாகப் பிளந்ததும், கொட்டுகிற மழையில், இனிக்கிற தண்ணீரில், இரண்டு பேர் நின்றார்கள். இரண்டு பேர் உடம்பிலும் ஓட்டையில்லாத சுவர்.

பிறந்தவள் அம்மாவைப் பார்த்தாள், மழையைப் பார்த்தாள். "பசிக்குது," என்றாள்.

உருளி சிரித்தாள். தெள்ளி போன பிறகு அவள் சிரித்தது அன்றுதான்.

மணியன் கூட்டத்தோடு மேலேறி வந்தான். "எப்படிம்மா செஞ்சே?"

"புதுசை முதல்ல முடிச்சுப் போடணும் அண்ணே. பழசை அப்புறம் அறுக்கணும். அவ்வளவுதான்."

அந்தச் சொல் கழி முழுக்கப் பரவியது. அன்று மழையிலேயே நூற்றுக்கணக்கானவர்கள் இரண்டானார்கள், இரண்டு நாலாயிற்று. மணியன் கூட்டத்தார் சுவரை அடுக்கடுக்காகத் தடிமனாக நெய்தார்கள், உருளியின் பிள்ளைகள் மெல்லியதாக நெய்தார்கள். எதுவானாலும் நூலும் முடிச்சும் ஒன்றுதான். பெருமழை கடைசியில் மணல்மேட்டையும் உடைத்தது. ஒரு காலத்தில் நல்ல தண்ணீரைக் கண்டு சேற்றில் பதுங்கியவர்கள் அதே தண்ணீரில் ஏறி ஆற்றுக்கும், குளத்துக்கும், கிணற்றுக்கும், வயலுக்கும் போனார்கள். அவர்கள் போகாத மண் இல்லை.

ஆற்றங்கரையில் பாசியும் காளானும் அவர்களைப் பார்த்தன. "எங்களுக்கும்தான் சுவர் இருக்கு. உங்க சுவருக்கு மட்டும் என்ன பெருமை?" என்றது காளான்.

"பெருமை ஒண்ணும் இல்ல," என்றாள் உருளி. "நீங்க உங்க சரக்குல கட்டியிருக்கீங்க, நாங்க எங்க சரக்குல. சுவர்னு எல்லாத்தையும் சொல்லுங்க. ஆனா சர்க்கரை நூலும் புரத முடிச்சும் சேர்ந்த இதுக்கு மட்டும் தனிப் பேரு வேணும். எங்க தெள்ளி மாதிரி போனவங்க எத்தனையோ பேரு. அவங்களுக்கு அப்புறம் கிடைச்சது இது."

பாசியும் காளானும் அதை ஒப்புக்கொண்டன.

அவர்கள் வைத்த பெயர் என்ன என்று இப்போது யாருக்கும் தெரியாது. வெகுகாலம் கழித்து மனிதர்கள் கண்ணாடி வில்லை வழியாக இந்த நுண்ணுயிர்களைக் கண்டு, அவற்றின் வலையையும் ஆராய்ந்தபோது, லத்தீன் மொழியில் சுவரைக் குறிக்கும் சொல்லை எடுத்து மியூரின் என்று பெயர் வைத்தார்கள். புரதத் துணுக்கும் சர்க்கரையும் சேர்ந்தது என்பதால் பெப்டிடோகிளைக்கன் என்றும் அதையே சொல்வார்கள். பெயர்தான் இரண்டு, பொருள் ஒன்று. நண்டுக்குள் போன நெளியனின் வம்சம் மட்டும் இன்றும் சுவரில்லாமல், உருவம் நிலைக்காமல், அடுத்தவர் உடம்புக்குள்ளேயே வாழ்கிறது.

அன்று முதல்தான் பாக்டீரியாக்கள் புது நூலை முடிச்சுப் போட்டுவிட்டுப் பழையதை அறுத்து வளருகின்றன; செடிக்கும் காளானுக்கும் சுவர் இருந்தாலும், மியூரின் என்ற பெயர் உருளியின் பிள்ளைகளுடைய சுவருக்கே உரியதாயிற்று.