மறைத்து வைத்த ஆறு மணி நேரம்

தீர்ப்பை உங்களிடம்தான் விடப் போகிறேன். ஆகவே நிதானமாகக் கேளுங்கள்.

கருவேலியாற்றின் அணை அலுவலகத்தில் பொறியாளர் மங்கையர்க்கரசி பதினொரு ஆண்டுகளாக வெள்ளம் கணித்து வந்தாள். மழை அளவையும் ஆற்றின் ஆழ அகலத்தையும் கம்ப்யூட்டரில் ஏற்றினால், எவ்வளவு தண்ணீர் திறந்தால் எந்த ஊரில் எத்தனை அடி ஏறும் என்று அது சொல்லும். அந்தக் கணிப்பு மாதிரியை வரிவரியாக எழுதியவள் அவள்தான். அலுவலகத்தில் அதற்கு 'மங்கை கணக்கு' என்றே பெயர்.

ரெஜினா வேலைக்கு வந்து பத்தே மாதம். புது மாதிரி ஒன்று செய்தாள். பழையது மூன்று மணி நேரத்தில் சொன்னதை இது பத்து நிமிடத்தில் சொன்னது. அன்றிலிருந்து செயற்பொறியாளர் சடகோபன் அறைக்குள் நுழைந்ததும், "ரெஜினா கணக்கு என்ன சொல்லுது?" என்றுதான் கேட்டார். மங்கையின் நாற்காலியைத் தாண்டித்தான் ரெஜினாவின் மேசைக்குப் போக வேண்டும். ரெஜினாவோ "அக்கா, அக்கா" என்று தன் டிபனில் பாதியை மங்கைக்கு எடுத்து வைப்பாள். அது மங்கையை இன்னும் எரித்தது. வெறுப்பதற்கு இவள் ஒரு காரணமாவது கொடுக்கக் கூடாதா?

கார்த்திகையில் நான்கு நாள் விடாத மழை. அணை நிரம்பிக்கொண்டிருந்தது. நாளைக் காலை வரை மதகைத் திறக்க வேண்டாம், பிறகு நாற்பதாயிரம் கனஅடி விட்டாலும் ஆறு தாங்கும் என்றது ரெஜினாவின் மாதிரி. அன்று மாலை நான்கு மணிக்குக் கலெக்டர் வந்து முடிவு செய்வதாக ஏற்பாடு. மங்கையின் மாதிரியை ஓட்டிப் பார்க்கும்படி யாரும் சொல்லவில்லை.

அவள் ரெஜினாவின் கோப்புகளைத் திறந்து துருவினாள். ஒரு பிழையாவது வேண்டும் அவளுக்கு. காலை பத்து மணிக்குக் கிடைத்தது. கீழத்திடல் கிராமத்தருகே இரண்டு ஆண்டுகளுக்கு முன் கட்டிய பாலம் அதில் இல்லை. ரெஜினா எடுத்திருந்தவை பழைய அளவுகள். நாற்பதாயிரம் கனஅடி வந்தால் தண்ணீர் பாலத்தில் முட்டித் தேங்கி, கீழத்திடல் வீடுகளுக்குள் ஏறிவிடும். இப்போதே கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்தால் ஊர் தப்பும்.

நாலடி தூரத்தில் ரெஜினா உட்கார்ந்திருந்தாள். திரும்பிச் சொன்னால் போதும். ஆனால் சொன்னால், அவள் உடனே திருத்திவிடுவாள். மாலையில் கலெக்டர் அவளைத்தான் பாராட்டுவார். மங்கை வாயைத் திறக்கவில்லை.

நான்கு மணிக்கு, ரெஜினா கலெக்டரிடம் விளக்கி முடிக்கும்வரை காத்திருந்து மங்கை கேட்டாள்: "கீழத்திடல் பாலம் எங்கே ரெஜினா?"

ரெஜினா திரையை உற்றுப் பார்த்தாள். "இல்லைக்கா, விட்டுட்டேன். என் கணக்கு தப்பு சார், இதை நம்பாதீங்க. இப்பவே திறக்கணும்." சமாளிக்க ஒரு வார்த்தை சொல்லவில்லை.

சற்று நேரத்தில் மதகுகள் உயர்ந்தன. அதற்குள் அணை இன்னும் நிரம்பியிருந்ததால் மெதுவாக விட முடியவில்லை. கீழத்திடலில் உயிர்ச்சேதம் இல்லை, வீடுகளும் தப்பின. ஆனால் சம்பா வயல் முழுவதும் மூழ்கியது. பத்து மணிக்கே திறந்திருந்தால் வயலும் பிழைத்திருக்கும். அது மங்கைக்கு மட்டுமே தெரியும்.

குடியரசு தின விழாவில் ஒருவருக்குப் பாராட்டுச் சான்றிதழ் என்றார் கலெக்டர். "அக்காவுக்குத்தான் கொடுக்கணும்," என்றாள் ரெஜினா. சடகோபனும் அந்தப் பெயரையே எழுதினார். கீழத்திடல் விவசாயி தவசியப்பன் அலுவலகம் தேடி வந்து மங்கையைக் கும்பிட்டார். "பயிர் போச்சு, போகட்டும்மா. பிள்ளைகுட்டியோட இருக்கோம்னா உங்களாலதான்."

மங்கையால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

இப்போது சொல்லுங்கள். பிழை செய்தவள் ரெஜினா. தெரிந்ததும் ஒரு நொடிகூட மறைக்கவில்லை. பிழையைக் கண்டு ஊரைக் காத்தவள் மங்கை. ஆறு மணி நேரம் மறைத்தாள். அவளுக்குப் பொறாமை இல்லையென்றால் அந்தப் பிழையை யாரும் தேடியிருக்கவே மாட்டார்கள். அந்த மேடையில் யார் பெயரை வாசிப்பது சரி?

விடை: ரெஜினாவின் பெயரை. பொறாமையோடு தேடியது குற்றமல்ல. தேடியதால்தான் வீடுகள் நின்றன. ஆனால் கண்ட நொடியிலிருந்து அந்தச் செய்தி கீழத்திடல்காரர்களுக்குச் சொந்தம். மங்கை அதைத் தனக்கென்று வைத்துக்கொண்டாள். இந்த விடையைச் சொன்னவளும் அவளேதான்: 'பத்து மணிக்கே எனக்குத் தெரியும், சான்றிதழ் ரெஜினாவுக்கே சேர வேண்டும்' என்று கலெக்டருக்கு எழுதிக் கொடுத்தாள். விளக்கம் கேட்டு மெமோ வந்தது. விழாவில் ரெஜினாவின் பெயரை வாசித்தபோது மங்கைக்குப் பொறாமை அப்போதும் இருந்தது. ஆனாலும் கை தட்டினாள்.